நூற்று நாற்பத்து மூன்று நாட்கள்

எங்கள் வீட்டில் காஸ் சிலிண்டர் மாற்றினால் அம்மா எங்கேயும் தேதி குறித்துவைக்க மாட்டாள். வாசலில் இறங்கி மூன்றாம் வீட்டைப் பார்த்து, "இன்னிக்கு மாத்திட்டோம்" என்று ஒரு குரல் கொடுத்துவிட்டு உள்ளே வந்துவிடுவாள். அடுத்த சிலிண்டர் தீரும் அன்று மூன்றாம் வீட்டிலிருந்து பதில் வரும். "முப்பத்தொம்பது நாள்தான் வந்திருக்குது. போன தடவை நாப்பத்தி நாலு. ட்யூபைப் பாருங்க, எங்கியோ லீக்காவுது." போய்ப் பார்த்தால் ட்யூபில் விரிசல் இருக்கும்.

அந்த மூன்றாம் வீட்டு அக்காவின் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. ஒரு மனுவில் ஒருமுறை எழுதினேன். அதுவே போதும்.

செங்கம் ரோட்டிலிருந்து உள்ளே பிரிகிற சந்து எங்களுடையது. ஆசிரமத்துக்கு வந்து மாதக்கணக்கில் தங்குகிறவர்களுக்காக வீட்டுக்கு வீடு மாடியில் அறை கட்டி வாடகைக்கு விட்டிருக்கும் பகுதி. அக்கா அப்படி ஒரு விடுதியில் அறை சுத்தம் செய்யும் வேலையில் இருந்தார். உயரமான, எலும்பு தெரிகிற உடம்பு. புடவைக்கு மேல் எப்போதும் ஒரு ஆண்பிள்ளைச் சட்டை. இறந்துபோன கணவருடையது. பக்கத்தில் வந்தால் பிளீச்சிங் பவுடர் வாசனை அடிக்கும். நடை வேகம், பேச்சு நிதானம். ஐந்தாம் வகுப்பு வரை படித்திருந்தார். கையெழுத்துப் போடுவார், பஸ் போர்டு படிப்பார், அதற்கு மேல் பொறுமை கிடையாது.

விடுதி முதலாளிக்கு ரிஜிஸ்டர் எழுதச் சோம்பல். யார் எப்போது வந்தார்கள், எப்போது போனார்கள் என்று யாராவது விசாரிக்க வந்தால் மாடிப்படிக்குக் கீழே நின்று அக்காவைக் கூப்பிடுவார். அக்கா பெட்ஷீட்டைத் தோளில் போட்டபடி எட்டிப் பார்ப்பார். "நாலாம் நம்பர் ரூம் அம்மாவா? ஐப்பசி பௌர்ணமிக்கு மூணு நாள் முன்னாடி, செவ்வாக்கிழமை, நல்ல மழை. ரெண்டு பொட்டி, ஒரு கொடை." முதலாளி அதைக் கேட்டு அப்படியே எழுதிக்கொள்வார். ஒருமுறை மௌன விரதம் இருந்த ஒரு வெள்ளைக்கார அம்மாள், அறைக்கு வெளியே வந்து, இன்றைக்கு என்ன தேதி என்று தாளில் எழுதிக் காட்டினாளாம். அக்காவுக்கு இங்கிலீஷ் தெரியாது. ஆனால் அவள் வந்து எத்தனை நாள் ஆகிறது என்று தெரியும். இரண்டு கை விரல்களையும் எட்டு தடவை விரித்து, பிறகு இன்னும் ஏழு விரல் காட்டினார். அந்த அம்மாள் அரண்டுபோய், அன்றைக்கே பெட்டி கட்டிக் கிளம்பிவிட்டாள். விசா முடிய இரண்டே நாள் இருந்ததாம்.

"எப்படிக்கா இதெல்லாம் ஞாபகம் வெச்சுக்கறீங்க?" என்று கேட்டிருக்கிறேன்.

"அது எங்கயும் போவலியே பாப்பா. போனாத்தானே புடிச்சு வெச்சுக்கணும்?"

எனக்கு அப்போது முப்பது வயது தாண்டியிருந்தது. அக்காவுக்கு நான் கடைசிவரை பாப்பாதான்.

இந்த ஞாபகத்தால் தெருவில் எல்லோருக்கும் அவரைப் பிடித்தது என்று சொன்னால் அது பொய். எதிர்வீட்டில் பேரனுக்குப் பெயர் வைத்த அன்று, விருந்துக்கு நடுவில் யாரோ, "கல்யாணம் இப்பத்தான் நடந்த மாதிரி இருக்குது, அதுக்குள்ள புள்ளை" என்று சந்தோஷமாகச் சொல்லிவைத்தார்கள். அக்கா சாம்பாரை ஊற்றிக்கொண்டே, "ஆமாங்க, கல்யாணத்துக்கும் புள்ளை பொறந்ததுக்கும் நடுவுல இருநூத்திப் பதினோரு நாள்தான்" என்றார். விஷமமாகச் சொல்லவில்லை. கடையில் பால் பாக்கெட் விலை என்ன என்று சொல்வது போலச் சொன்னார். பந்தி அடங்கிப்போய்விட்டது. அதன்பிறகு அந்த வீட்டார் அவரோடு பேசுவதை நிறுத்திக்கொண்டார்கள். எத்தனை நாளாகப் பேசவில்லை என்பதும் அவருக்குத் தெரியும்.

சண்டைகளில் சாட்சிக்கு அவரைக் கூப்பிட்டுக் கெட்டவர்கள் உண்டு. இரண்டு பக்கமும் என்ன பேசினார்கள் என்பதைக் கிழமையோடு ஒப்பிப்பார். கூப்பிட்டவருக்கும் சேர்த்தே மானம் போகும். எங்கள் அம்மா எனக்குச் சொல்லியிருந்தாள்: "அவ எதிர்ல யாரைப் பத்தியும் பேசாதடி. அவ கோள் சொல்ல மாட்டா. ஆனா கேட்டா சொல்லிடுவா."

கணவர் இறந்த கதையை அவர் என்னிடம் ஒரே ஒரு முறை சொன்னார். மஞ்சள் காமாலை. ஆவணியில் ஒரு திங்கட்கிழமை கண்ணில் மஞ்சள் தெரிந்தது. செவ்வாய் கீழாநெல்லி அரைத்துக் கொடுத்தார்கள். வியாழன் நாட்டு வைத்தியரிடம் போனார்கள். அவர் பத்தியம் சொன்னார், மருந்து கொடுத்தார். இப்படிப் பதினைந்தாம் நாள் வரை, ஒவ்வொரு நாளும் அவர் என்ன சாப்பிட்டார், எதை வாந்தி எடுத்தார் என்று சொல்லிக்கொண்டே வந்தார். பதினாறாம் நாள் பெரியாஸ்பத்திரி. ஒரு வாரம் முன்னால் கொண்டுவந்திருந்தால் பார்த்திருக்கலாம் என்றாராம் டாக்டர். பத்தொன்பதாம் நாள் முடிந்துவிட்டது. "ஒரு வாரம் முன்னாடின்னா ஒம்பதாம் நாள் பாப்பா. ஒம்பதாம் நாள் காலைல அவரு கொஞ்சம் கஞ்சி குடிச்சாரு. தேறிட்டாருன்னு நெனைச்சுட்டேன்." அவ்வளவுதான். அழவில்லை. நான்தான் அழுதேன்.

இனி என்னைப் பற்றிச் சொல்ல வேண்டும். எனக்கு விருப்பமில்லை, ஆனாலும் சொல்கிறேன்.

நான் ஒரு வக்கீல் ஆபீசில் டைப்பிஸ்ட். சிவில் வழக்குகள். நிலம், வீடு, பாகப்பிரிவினை. கோர்ட்டில் எல்லாவற்றுக்கும் ஒரு கெடு உண்டு. பதில் போட இத்தனை நாள், அப்பீலுக்கு இத்தனை நாள். வராமலே இருந்தால் எதிர்த்தரப்பு சொன்னதை மட்டும் கேட்டுத் தீர்ப்பு சொல்லிவிடுவார்கள். அந்தத் தீர்ப்பை ரத்து செய்யக் கேட்க முப்பது நாள். அதையும் தாண்டிவிட்டால், தாண்டிய நாட்களை மன்னிக்கும்படி தனியாக ஒரு மனு போட வேண்டும். மன்னிக்கும் அதிகாரம் நீதிபதிக்கு உண்டு. ஆனால் தாண்டிய ஒவ்வொரு நாளுக்கும் தகுந்த காரணம் சொல்ல வேண்டும் என்பது விதி.

ஒவ்வொரு நாளுக்கும் யாரால் காரணம் சொல்ல முடியும்? அதற்காகத்தான் எங்கள் தொழிலில் மஞ்சள் காமாலை இருக்கிறது. என் கம்ப்யூட்டரில் 'டிலே ஒன்று' என்று ஒரு ஃபைல் உண்டு. "மேற்படி காலத்தில் நான் மஞ்சள் காமாலை நோயால் பாதிக்கப்பட்டு, படுத்த படுக்கையாக இருந்து, நாட்டு வைத்தியம் செய்துகொண்டேன். ஆகவே என்னால் என் வழக்கறிஞரைச் சந்திக்க இயலவில்லை. மேற்படி தாமதம் வேண்டுமென்றே ஏற்பட்டதல்ல." பெயர், தகப்பனார் பெயர் அல்லது கணவர் பெயர், நாட்களின் எண்ணிக்கை. இந்த மூன்றை மாற்றினால் மனு தயார். நாட்டு வைத்தியம் என்பதால் ஆஸ்பத்திரிச் சீட்டு யாரும் கேட்க மாட்டார்கள். அண்ணன் தம்பி மூன்று பேருக்கும் ஒரே நாளில் காமாலை வந்து ஒரே நாளில் குணமான மனுவையும் நான் டைப் அடித்திருக்கிறேன். நீதிபதி சிரித்துக்கொண்டே அனுமதித்தார். எதிர் வக்கீல் ஆட்சேபிக்க மாட்டார். நாளைக்கு அவர் கட்சிக்காரருக்கும் காமாலை வரும் அல்லவா?

அக்காவின் வீடு இரண்டு அறையும் ஒரு சிமெண்ட் ஷீட் சமையலறையும்தான். மாமனார் வாங்கிய மனையில் கணவர் கட்டியது. கணவர் போனபிறகு கொழுந்தன், அந்த மனையை அப்பா தனக்குத்தான் எழுதிவைத்தார் என்று வழக்குப் போட்டான். சம்மன் வந்தது. அக்கா அதை எடுத்துக்கொண்டு என்னிடம் வரக் கிளம்பிய அன்றே கொழுந்தன் வீட்டுக்கு வந்துவிட்டான். அக்கா கல்யாணமாகி வந்தபோது அவன் ஆறாவது படித்துக்கொண்டிருந்தவன். அவர் கையால் சாப்பிட்டு வளர்ந்தவன்.

"வக்கீல் பேச்சைக் கேட்டு போட்டுட்டேன் அண்ணி. தப்புதான். வாபஸ் வாங்கிடறேன். நீங்க கோர்ட்டுப் படியெல்லாம் ஏறாதீங்க, நம்ம குடும்பத்துக்கே அசிங்கம்" என்றானாம். புரட்டாசி மூன்றாம் சனிக்கிழமை. இலை போட்டு வடை பாயசத்தோடு சாப்பிட்டுவிட்டுப் போனான். அவன் வாபஸ் வாங்கவில்லை. தை கடைசியில் தீர்ப்பு அவன் பக்கம் ஆனது. வீட்டைக் காலி செய்யச் சொல்லி கோர்ட்டிலிருந்து நோட்டீஸ் வந்தபோது ஆடி பிறந்துவிட்டது.

அக்காவை எங்கள் வக்கீலிடம் நான்தான் கூட்டிக்கொண்டு போனேன். அவர் கெட்டவர் இல்லை. முழுக்கதையையும் கேட்டார். வடை பாயசத்தைக்கூடக் கேட்டார்.

"அவன் வாபஸ் வாங்கறேன்னு சொன்னதுக்கு சாட்சி யாரும்மா?"

"அவனும் நானும்தான் சார்."

"அவன் இல்லைம்பான். அப்புறம்?"

வக்கீல் என் பக்கம் திரும்பி, "டிலே பெட்டிஷன் போட்டுடும்மா" என்றார். எத்தனை நாள் தாமதம் என்று விரல் விட்டு எண்ணி நூற்று நாற்பத்திரண்டு என்றார். "இல்லீங்க சார், நூத்தி நாப்பத்தி மூணு" என்றார் அக்கா. காலண்டரைப் புரட்டிப் பார்த்தோம். நூற்று நாற்பத்து மூன்றுதான். அந்த மனுவில் உண்மையாக இருந்தது அந்த எண் ஒன்றுதான்.

ஆடி மூன்றாம் வெள்ளிக்கிழமை. அன்றைக்கு மட்டும் ஆபீசில் பதினோரு மனு. 'டிலே ஒன்று' ஃபைலைத் திறந்தேன். பெயர் மாற்றினேன். கணவர் பெயர் என்ற இடத்தில், அந்தப் பெயருக்கு முன்னால் 'காலஞ்சென்ற' என்று சேர்த்தேன். எண்ணை மாற்றினேன். பிரிண்ட் எடுத்தேன். எதனால் காலஞ்சென்றவர் என்பது எனக்குத் தெரியும். அந்த வரிக்கு இரண்டு வரி கீழே என்ன இருக்கிறது என்பதும் தெரியும். கை நிற்கவில்லை. பழகின கை.

மனுவின் கடைசியில், மேற்கண்டவை எனக்குப் படித்துக் காட்டப்பட்டு, சரியென ஒப்புக்கொண்டு கையெழுத்திட்டேன் என்று ஒரு வாசகம் வரும். அக்கா பேனாவை வாங்கிக்கொண்டு கேட்டார்.

"இதுல இன்னா பாப்பா எழுதியிருக்குது?"

"நீங்க சொன்னதுதான்க்கா."

அவர் தன் பெயரை நிதானமாக, ஒவ்வொரு எழுத்தாக, மூன்று இடத்தில் எழுதினார்.

காமாலைக்கு ஆட்சேபணை வராது என்று நினைத்தோம். வந்தது. கொழுந்தனின் வக்கீல் அக்காவைக் கூண்டில் ஏற்றி விசாரிக்க வேண்டும் என்றார். ஏன் என்று எனக்குப் பிற்பாடுதான் புரிந்தது. கொழுந்தன் தன் வக்கீலிடம் சொல்லியிருக்கிறான்: எங்கள் அண்ணி ஒரு நாள் படுத்ததில்லை. எந்த நாளைக் கேட்டாலும் சொல்லிவிடுவார். கேளுங்கள். அவர் கையால் சாப்பிட்டு வளர்ந்ததில் அவன் தெரிந்துகொண்டது அது.

விசாரணை ஐப்பசியில் ஒரு செவ்வாய்க்கிழமை. நானும் அக்காவும் டவுன் பஸ்ஸில் போனோம். அவர் ஜன்னல் ஓரம். கணவரின் சட்டையை மேலே போடாமல் அவரை அன்றுதான் முதலில் பார்த்தேன். நீலப் புடவை, படிய வாரிய தலை. சொல்லிவிட வேண்டும் என்று நினைத்தேன். அக்கா, மனுவில் உங்களுக்குக் காமாலை என்று எழுதியிருக்கிறது. இதைச் சொல்ல எத்தனை நேரம் பிடிக்கும்? இரண்டு ஸ்டாப் போதும். ஆனால் கேட்டால் அவர் கையெழுத்துப் போட்டதை வாபஸ் வாங்கிவிடுவார், பொய்க்குத் துணை போகிறவர் இல்லை, கேஸ் இங்கேயே முடிந்துவிடும் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். உண்மையில் அவர் முகத்தைப் பார்த்து அந்த வார்த்தையைச் சொல்ல எனக்குத் தைரியம் இல்லை. "கார்த்திகை தீபத்துக்கு இன்னும் எத்தனை நாள்க்கா?" என்று கேட்டேன். சொன்னார்.

கோர்ட் வராந்தாவில் வக்கீல் அவசரமாக வந்தார். வேறு கோர்ட்டில் அவருக்கு ஒரு கேஸ் நடந்துகொண்டிருந்தது. "எது கேட்டாலும் ஞாபகம் இல்லைன்னு சொல்லிடுங்கம்மா. மனுவுல இருக்கறதுதான் சரின்னு சொல்லுங்க. வேற பேச்சே வேணாம்."

"ஞாபகம் இருக்குதே சார்."

"இருந்தாலும் இல்லைன்னு சொல்லுங்க."

அக்கா என்னைப் பார்த்தார். நான் கையிலிருந்த கேஸ் கட்டைப் பிரித்துக் கட்டினேன்.

கூண்டில் ஏறியதும் எதிர் வக்கீல் மரியாதையாகத்தான் கேட்டார். அவர் குரலே உயரவில்லை.

"காமாலை என்னிக்கும்மா வந்தது?"

அக்காவின் முகம் மாறியது. இவருக்கு எப்படித் தெரியும் என்ற ஆச்சரியம். பிறகு, யாரோ விசாரிக்கிறார்களே என்ற ஒரு கனிவு. "ஆவணி மாசங்க. மூணு வருசம் ஆவுது. திங்கக்கிழமை காலைல பல்லு வெளக்க வந்தாரு, கண்ணு மஞ்சளா இருந்துது. நான்தான் மொதல்ல பாத்தேன்."

"உங்க வீட்டுக்காரருக்கு இல்லம்மா. உங்களுக்கு."

"எனக்கா? எனக்கு இன்னாத்துக்குங்க வரும்? அவருக்குத்தான் வந்துது."

கோர்ட்டில் யாரோ சிரித்தார்கள். நீதிபதி மனுவைக் கையில் எடுத்தார். நான் கதவருகே நின்றிருந்தேன். போய்விடலாம் என்றிருந்தது.

"அப்ப இந்த நூத்தி நாப்பத்தி மூணு நாளும் என்ன செஞ்சுக்கிட்டிருந்தீங்க? ஞாபகம் இருக்கா?"

அக்கா ஒரு நொடி தயங்கினார். எங்கள் வக்கீல் சொன்னதை நினைத்திருக்க வேண்டும். பிறகு தொடங்கினார்.

"மாசி இருவத்தெட்டு, புதன்கிழமை. வேலைக்குப் போனேன். மறுநாள் பௌர்ணமி கிரிவலங்க, ரூமெல்லாம் ஃபுல்லு. அஞ்சு ரூம் கழுவினேன். வியாழக்கிழமை கூட்டம் ஜாஸ்தி, மாடித் தொட்டி வேற ரொம்பி வழிஞ்சுது. வெள்ளிக்கிழமை காலி பண்ணினாங்க, பதினாலு பெட்ஷீட்டு. சனிக்கிழமை ரேசன் கடைக்குப் போனேன், பருப்பு வரலன்னாங்க."

ஒவ்வொரு நாளாகச் சொன்னார். சட்டம் கேட்டதும் அதைத்தானே? தாண்டிய ஒவ்வொரு நாளுக்கும் கணக்கு. அந்தக் கோர்ட் கட்டிடத்தில் அதைச் செய்யக்கூடிய ஒரே மனுஷி அவராகத்தான் இருந்திருப்பார். ஒவ்வொரு நாளும் அவர் நல்ல உடம்போடு எழுந்தார், நடந்தார், குனிந்து தரையைக் கழுவினார். சொல்லச் சொல்ல வீடு அவர் கையை விட்டுப் போய்க்கொண்டிருந்தது. பதினோராம் நாளில் நீதிபதி, "போதும்மா" என்றார்.

"ஐயா, அவன் வாபஸ் வாங்கறேன்னு சொன்னான். புரட்டாசி மூணாவது சனிக்கிழமை, என் வூட்டுல ஒக்காந்து சாப்டுட்டுதான் சொன்னான். தோ நிக்கறான், கேளுங்க."

"இது உங்க மனுவுல இல்லையேம்மா" என்றார் நீதிபதி. கோபமாகச் சொல்லவில்லை. வருத்தத்தோடுதான் சொன்னார் என்று இன்றைக்கும் நினைக்கிறேன்.

கொழுந்தன் குனிந்து செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

ஒன்பது நாள் கழித்து உத்தரவு வந்தது. மனுதாரர் பொய்யான காரணத்தைக் கூறியுள்ளார், சுத்தமான கரங்களுடன் நீதிமன்றத்தை அணுகவில்லை, தாமதத்தை மன்னிக்க முகாந்திரம் இல்லை, மனு தள்ளுபடி. ஆபீசில் அதைப் படித்துவிட்டு நான் கழிப்பறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். பிளீச்சிங் பவுடரில் தோல் உரிந்த கைகள் அவருடையவை.

சென்னை ஹைகோர்ட்டுக்குப் போகலாம், அதற்கும் ஒரு கெடு இருக்கிறது, சீக்கிரம் வரச் சொல்லு என்றார் வக்கீல். அக்கா வரவில்லை. "அங்க போயி மறுபடியும் இன்னாத்த சொல்றது பாப்பா? சொன்னதைத்தானே சொல்லணும்" என்றார். தீபக் கூட்டத்துக்குப் போலீஸ் எல்லாம் பந்தோபஸ்துக்குப் போய்விடும் என்பதால், வீட்டைக் காலி செய்யவைக்கும் கோர்ட் அமீனா தீபம் முடியும்வரை வரவில்லை. முடிந்த அடுத்த வாரம், வெள்ளிக்கிழமை வந்தார். அக்கா விடியற்காலையிலேயே வீட்டைக் கழுவி, மூலை முடுக்கெல்லாம் துடைத்துவைத்திருந்தார். அறையைக் காலி செய்து கொடுக்கும்போது சுத்தமாகக் கொடுத்துப் பழகியவர். நான் அன்றைக்கு ஆபீசுக்கு லீவு போட்டும் வெளியே வரவில்லை. எங்கள் வீட்டு ஜன்னல் வழியாகப் பார்த்தேன். இரண்டு டிரங்குப் பெட்டி, ஒரு கிரைண்டர், சுருட்டிய பாய். ஆட்டோ போனது.

தை மாதம் அவரைத் தேடிப் போனேன். கீழ்பென்னாத்தூர் பக்கம் தங்கை வீட்டில் இருக்கிறார் என்று அம்மா விசாரித்துச் சொன்னாள். பஸ் ஸ்டாண்டிலிருந்து வயல் பக்கமாக நடக்க வேண்டும். பின்கட்டில் சாக்கை விரித்து விதைக்கு வேர்க்கடலை உரித்துக்கொண்டிருந்தார். அதே சட்டை. இளைத்திருந்தார். "வா பாப்பா, அம்மா சௌக்கியமா?" என்றார். வாழைப்பழத்தையும் பிஸ்கட்டையும் வைத்துவிட்டு எதிரே உட்கார்ந்து நானும் உரிக்க ஆரம்பித்தேன். கையில் ஒரு வேலை இருந்தால் சொல்லிவிடலாம் என்று தோன்றியது.

"அக்கா, அந்த மனுவுல காமாலைன்னு எழுதினது நான்தான்க்கா. நீங்க கேட்டப்ப, நீங்க சொன்னதுதான்னு பொய் சொல்லிட்டேன்."

"அது தெரியாதா எனக்கு? கூண்டுல நிக்கறப்பவே தெரிஞ்சுபோச்சு." ஒரு கையளவு பருப்பை முறத்தில் போட்டார். "ஒண்ணு கேக்கறேன். எனக்கும் காமாலை வந்துதுங்கன்னு அன்னிக்கு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா வூடு நின்னிருக்குமா?"

பொய் சொல்ல இனி என்ன இருக்கிறது? "பெரும்பாலும் நின்னிருக்கும்க்கா."

"சொல்லியிருப்பேனே பாப்பா."

கையிலிருந்த கடலையோடு நிமிர்ந்து பார்த்தேன்.

"இன்னா பாக்கறே? வூட்டுக்காவ ஒரு பொய் சொல்ல மாட்டனா நானு? உங்க சாரு ஞாபகம் இல்லைன்னு சொல்லுன்னாரு. எதுக்குன்னு சொல்லல. பைத்தியக்காரின்னு காட்டப் பாக்கறாருன்னு நெனைச்சேன். அக்கா, இப்பிடி எழுதியிருக்கறேன், கேட்டா ஆமான்னு சொல்லிடுங்கன்னு நீ ஒரு வார்த்தை சொல்லியிருந்தா, எந்த நாளு கண்ணு மஞ்சளாச்சு, எந்த நாளு இன்னா மருந்து குடுத்தாங்க, எப்ப கஞ்சி எறங்கிச்சு, அத்தனையும் சொல்லியிருப்பேன். எந்த வக்கீலு கேட்டாலும் சொல்லியிருப்பேன். எனக்குத் தெரியாத காமாலையா? பத்தொம்பது நாளு பக்கத்துல ஒக்காந்து பாத்தவ."

பொய்யே சொல்லத் தெரியாத பெண் என்று அவரை நானாக ஒரு பீடத்தில் ஏற்றி வைத்திருந்தேன். அது என் கோழைத்தனத்துக்கு நான் போட்ட முக்காடு. அவர் வீடு வேண்டும் என்று நினைத்த ஒரு பெண், அவ்வளவுதான்.

அக்கா அடுத்த பிடி கடலையை எடுத்தார். என்னைப் பார்க்காமல் பேசினார்.

"மனு போட்டது ஆடி மூணாவது வெள்ளி. கூண்டு ஏறினது ஐப்பசி செவ்வாக்கிழமை. நடுவுல எண்பத்தெட்டு நாளு. நீ மூணாவது வூடு. மறுநாள் சனிக்கிழமை தண்ணி வண்டி வந்துது, என் கொடத்தை நீதான் தூக்கிவெச்சே. ஞாயித்துக்கிழமை உங்கம்மா கொழம்பு குடுத்தனுப்பிச்சாங்க, நீதான் எடுத்தாந்தே. திங்கக்கிழமை காலைல பஸ்ஸுக்கு ஓடறப்ப, வரேன்க்கான்னு சொல்லிட்டுப் போனே. செவ்வாக்கிழமை வூட்டு வாசல்ல நின்னு தலை வாரிக்கிட்டிருந்தே, நான் வேலைக்குப் போறேன், சிரிச்சே. புதன்கிழமை..."

குரலில் கோபம் இல்லை. ஒரு நாளையும் விடாமல் சொல்லிக்கொண்டே போனார். நீதிபதி பதினோராம் நாளில் நிறுத்தச் சொல்லிவிட்டார். எனக்கு அப்படிச் சொல்ல வாய் வரவில்லை. எண்பத்தெட்டையும் அவர் சொல்லி முடிக்கும்வரை எதிரே உட்கார்ந்திருந்தேன். அவற்றில் ஒரு நாளுக்குக்கூட என்னிடம் காரணம் இல்லை.